துயிலின் இருப்பிடம் கண்டவர்

உறக்கம் என்பது யாது? உடல் களைத்ததும் மூளை தன் தொழிலை நிறுத்திக்கொண்டு ஓய்ந்துவிடுவதே உறக்கம் என்று 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அறிஞர் பலரும் கருதிவந்தனர். அதுவும் மூளை செய்யும் ஒரு தொழிலே. அதற்கெனத் தலையினுள் ஓரிடம் உண்டு எனக் காட்டியவர் வியன்னா மருத்துவர் கான்ஸ்டன்டைன் வான் எகொனோமோ ஆவார்.

இவர் 1876ஆம் ஆண்டு ருமேனியாவின் பிரைலா நகரில், செல்வம் மிக்க கிரேக்கக் குடும்பத்தில் பிறந்தார். துறைமுக நகரான திரியெஸ்தில் வளர்ந்தார். தந்தையின் விருப்பத்திற்கிணங்க ஈராண்டு பொறியியல் பயின்றார். பின்னர்த் தம் மனம் நாடிய மருத்துவத்திற்கு மாறி 1901இல் பட்டம் பெற்றார். விமானம் ஓட்டுவதிலும் தணியாத வேட்கை கொண்டிருந்த அவர், ஆஸ்திரியாவின் தொடக்ககால விமானிகளுள் ஒருவராகத் திகழ்ந்தார். முதல் உலகப் போரில் விமானியாகவே பணியாற்றினார். உடன்பிறந்தார் ஒருவர் போரில் மாண்டபின், பெற்றோரின் வேண்டுகோளை ஏற்று வியன்னாவின் மருத்துவமனைப் பணிக்குத் திரும்பினார்.

அத்திரும்புதல் மருத்துவ உலகிற்குப் பெரும்பேறாயிற்று. 1916ஆம் ஆண்டு இறுதியில் தொடங்கிய குளிர்காலத்தில் விந்தையான நோயாளர் சிலர் அங்கு வந்து சேர்ந்தனர். உண்ணும்போதே உறங்கினர், தட்டி எழுப்பினால் தெளிவாக விடை கூறிவிட்டு மீண்டும் உறங்கினர். கும்பகருணன் துயிலெழுப்பப்படும் பகுதியை வகுப்பில் நடத்தும்போதெல்லாம் எனக்கு இந்நோயாளரே நினைவுக்கு வருவர். ஒவ்வொருவர்க்கும் மருத்துவர்கள் வெவ்வேறு நோயின் பெயரைச் சூட்டியிருக்க, எகொனோமோ ஒருவரே இவையெல்லாம் ஒரே நோய் எனக் கண்டார். 1917இல் அதனைப் புதிய மூளை அழற்சி நோயாக அறிவித்தார். இன்ஃப்ளுயன்சா கொள்ளைநோய் உலகை உலுக்கியது 1918இல். அவர் அறிவிப்போ அதற்கு முற்பட்டது என்பது கருதத்தக்கது.

அவரது நுண்ணறிவு வெளிப்பட்ட இடம் இனித்தான் வருகிறது. உறங்கிய நோயாளரின் இமைகள் தொங்கின, விழித்தசைகள் செயலிழந்தன. விழியை அசைக்கும் நரம்புகள் மூளைத்தண்டிலிருந்து புறப்படுவன. நடுமூளை, பான்ஸ், முகுளம் என்னும் மூன்றும் சேர்ந்ததே மூளைத்தண்டு. மூச்சையும் இதயத் துடிப்பையும் ஆளும் மையங்கள் முகுளத்தில் உள்ளன; விழிநரம்புகளுள் முதன்மையானது நடுமூளையில் தோன்றுகிறது. அதற்கு மேலே, பெருமூளையின் இரு பாதிகளுக்கிடையே ஒளிந்திருப்பது இடைமூளை. அதன் ஒரு பகுதியான தலாமஸ், மணம் ஒழிந்த பிற புலனறிவுகளையெல்லாம் பெருமூளைக்கு அனுப்பும் வாயில். மற்றொரு பகுதியான ஹைபோதலாமஸ் ஏறத்தாழ 4 கிராம் எடையே உடையது. பசி, தாகம், உடல்வெப்பம் யாவும் அதன் ஆட்சிக்குட்பட்டவை.

விழிநரம்பு பழுதுற்றதெனில், உறக்கத்தைக் கெடுத்த பழுதும் அதன் அண்டையில்தான் இருத்தல் வேண்டும் என அவர் கருதினார். இறந்தோரின் மூளைகளை நுண்ணோக்கியில் ஆராய்ந்தார். ஓயாது உறங்கியவர்க்கு இடைமூளையின் பின்பகுதியும் நடுமூளையும் கூடுமிடத்தில் அழற்சி காணப்பட்டது. இதே நோயால் உறக்கமே வாராது அலைந்து மடிந்தோரும் இருந்தனர். அவர்களுக்கோ ஹைபோதலாமஸின் முன்பகுதி கெட்டிருந்தது. முன்னது துயிலச் செய்யும் இடம், பின்னது விழிக்கச் செய்யும் இடம் என அவர் முடிவு கட்டினார். பரிசோதனைக்கூட விலங்கு எதனையும் துன்புறுத்தாமல், நோய் எழுதி வைத்த ஏட்டையே படித்துக் கண்ட முடிவு இது. பகற்பொழுதில் திடீரென உறக்கத்தில் வீழ்த்தும் நார்கொலெப்சி நோய்க்கும் அப்பின்பகுதியே காரணமாகலாம் என அவர் ஊகித்திருந்தார்.

கோஸ்கினாஸ் என்பாருடன் இணைந்து பெருமூளைப் புறணியின் உயிரணு அமைப்பை விரித்துரைக்கும் பெருநூலையும் 1925இல் வெளியிட்டார். அந்நூலின் பெருமையைப் பேசத் தனிக்கட்டுரையே வேண்டும். 1931 அக்டோபரில், 55ஆம் வயதில், இதயநோயால் மறைந்தார்.

இலட்சக்கணக்கானோரைத் தாக்கிய அக்கொள்ளைநோய் 1920களின் பிற்பகுதியில் தணிந்தது. அதன் காரணம் இன்றளவும் உறுதிப்படவில்லை. பிழைத்தோருள் பலர் நடுக்குவாதம் போன்ற நோய்க்கு ஆளாகிப் பல்லாண்டுகள் சிலைபோல் வாழ்ந்தனர். எனினும் அவர் சுட்டிய இடங்கள் பொய்க்கவில்லை. உறக்கத்தைத் தூண்டும் நரம்பணுக் கூட்டம் ஹைபோதலாமஸின் முன்பகுதியில் 1996இல் கண்டறியப்பட்டது. 1998இல் ஒரெக்சின் என்னும் விழிப்பூட்டும் பொருள் கண்டறியப்பட்டது. ஹைபோதலாமஸில் அதனைச் சுரக்கும் நரம்பணுக்கள் நார்கொலெப்சி நோயாளரிடம் அழிந்துபோயிருப்பது 2000ஆம் ஆண்டில் தெரியவந்தது.