எவரெஸ்டிலிருந்து நெய்யூருக்கு வந்த டாக்டர்

நெய்யாற்றின்கரையிலிருந்து காரக்கோணம் பக்கம் போய் வந்தவர்களுக்கு அங்குள்ள பெரிய ஆஸ்பத்திரியைத் தெரியாமல் இருக்காது. டாக்டர் சோமர்வெல் நினைவு மருத்துவக் கல்லூரி என்று அதற்குப் பெயர். சி.எஸ்.ஐ. தென் கேரளத் திருமண்டலத்தைச் சேர்ந்தது. தமிழ்நாட்டு எல்லை அதற்கு மிக அருகில் இருப்பதால், எல்லைக்கு இந்தப் பக்கம் வேலை செய்யும் தமிழர்களும் அந்தப் பக்கத்துக் கிராமத்தாரும் அங்கே சீட்டு எழுதிக்கொண்டு உட்கார்ந்திருப்பதைப் பார்க்கலாம். ஆனால் இந்த சோமர்வெல் யார் என்று கேட்டால், யாரோ ஒரு வெள்ளைக்காரப் பாதிரியார் என்பதுதான் பெரும்பாலும் கிடைக்கும் பதில்.

அவர் பாதிரியார் அல்ல. சர்ஜன். அதோடு, எவரெஸ்ட் சிகரத்தில் 28,000 அடி உயரம் வரை பிராணவாயுக் குழாய் இல்லாமல் ஏறிய மனிதர். ஓவியர், சங்கீதம் தெரிந்தவர். லண்டனில் பெரிய உத்தியோகம் காத்திருக்க, அதை வேண்டாமென்று தள்ளிவிட்டு அன்றைய திருவிதாங்கூரின் தென்கோடியில் உள்ள நெய்யூருக்கு வந்து தம் வாழ்நாளின் நல்ல பகுதியை அங்கேயே செலவிட்டவர். நெய்யூர் இன்று கன்னியாகுமரி மாவட்டத்தில் இருக்கிறது. 1956 நவம்பர் 1 வரை அதற்குத் தலைநகரம் திருவனந்தபுரம்தான்.

தியோடர் ஹோவார்டு சோமர்வெல் 1890 ஏப்ரல் 16 அன்று இங்கிலாந்தின் வடபகுதியில் கெண்டால் என்ற ஊரில் பிறந்தார். குடும்பத் தொழில் செருப்புத் தயாரிப்பு. சோமர்வெல் சகோதரர்கள் என்ற அவர்களுடைய கம்பெனியின் பூட்சுகளுக்கு அந்த நாட்டில் நல்ல பெயர் உண்டு. மகன் கம்பெனி மேஜையில் உட்கார்ந்திருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவரோ கேம்பிரிட்ஜில் விஞ்ஞானம் படித்து முதல் வகுப்பில் தேறினார்; பிறகு லண்டனில் வைத்தியம் படித்தார்.

பக்தியுள்ள வீட்டில் வளர்ந்தவர் என்றாலும் கேம்பிரிட்ஜில் அந்தப் பக்தி சும்மா நிலைக்கவில்லை. மத நம்பிக்கைகளைக் கேள்வி கேட்பதற்கென்றே மாணவர்கள் நடத்திய ஒரு சங்கத்தில் சேர்ந்து, சுமார் இரண்டு வருஷம் கடவுள் இல்லை என்ற கட்சியில் இருந்தார். அதன் பிறகே நம்பிக்கைக்குத் திரும்பினார். இதைக் குறிப்பிடக் காரணம் உண்டு. பரம்பரைச் சொத்தாக வந்த மதத்தை அப்படியே வைத்திருந்தவர் அல்ல அவர்; ஒருமுறை கீழே போட்டுவிட்டு, பிறகு தாமே குனிந்து எடுத்துக்கொண்டவர்.

சோம் நதிக் களத்தில்

முதல் உலகப் போர் வந்தது. ராணுவ வைத்தியப் படையில் சேர்ந்து பிரான்சுக்குப் போனார். 1916 ஜூலை 1 அன்று சோம் நதிக்கரையில் தாக்குதல் தொடங்கியது. அந்த ஒரே நாளில் பிரிட்டிஷ் படையில் 57,000 பேருக்கு மேல் காயம்பட்டோ இறந்தோ போனார்கள். மாண்டவர்கள் மட்டும் 19,000-க்கு மேல். சோமர்வெல் இருந்த கூடார ஆஸ்பத்திரிக்குக் காயம்பட்டவர்களை ஏற்றி வந்த வண்டிகள் மைல் கணக்கில் வரிசையாக நின்றன. இருந்த சர்ஜன்களோ விரல்விட்டு எண்ணக்கூடிய சிலர்.

ஆபரேஷனுக்கு நடுவே சற்று மூச்சுவிட வெளியே வந்தபோது ஏக்கர் கணக்கில் தரையில் கிடத்தப்பட்டிருந்தவர்களைப் பார்த்தார். எல்லோரையும் காப்பாற்ற நேரம் கிடையாது. யாரை முதலில் எடுப்பது என்று அவர்தான் தீர்மானிக்க வேண்டும். கிடந்தவர்களுக்கும் அது தெரியும். ஆனாலும் என்னை முதலில் எடுங்கள் என்று ஒருவர்கூடக் கெஞ்சவில்லை என்பது அவர் மனதில் ஆழமாகப் பதிந்துவிட்டது. யுத்தம் எந்தக் காரணத்துக்காக நடந்தாலும் தவறு என்ற முடிவுக்கு அவர் வந்தார். கடைசி வரை அதிலிருந்து மாறவில்லை.

ஏழு சுமையாட்கள்

மலை ஏறுவது அவருக்குச் சிறுவயதிலிருந்தே உள்ள பழக்கம். 1922-ல் எவரெஸ்ட் ஏறப் புறப்பட்ட பிரிட்டிஷ் குழுவில் அவரையும் சேர்த்துக்கொண்டார்கள். அங்கே ஜார்ஜ் மாலரி என்ற புகழ்பெற்ற மலையேறியுடன் நெருங்கிய சிநேகம் ஏற்பட்டது. பனிக்கூடாரத்தில் இருவரும் ஷேக்ஸ்பியர் நாடகங்களை மாற்றி மாற்றி வாசித்துக்கொண்டிருப்பார்களாம். அந்த ஆண்டு மே மாதம் மாலரி, நார்ட்டன், சோமர்வெல் மூவரும் பிராணவாயுக் கருவி இல்லாமல் 26,985 அடி வரை சென்றார்கள். அதுவரை மனிதன் கால் வைத்திராத உயரம் அது.

ஆனால் அந்தப் பயணத்தில் சோமர்வெல்லை உலுக்கியது இந்தச் சாதனை அல்ல. ஜூன் 7 அன்று, மழைக்காலம் நெருங்கிவிட்ட நிலையில், இன்னொரு முறை முயலலாம் என்று புதுப்பனி மூடிய சரிவில் ஏறினார்கள். பனி சரிந்தது. ஏழு சுமையாட்கள் அதில் புதைந்து இறந்தார்கள். ஏறச் சொன்ன வெள்ளையர் எல்லோரும் பிழைத்துக்கொண்டார்கள். கூலிக்குச் சுமை தூக்க வந்தவர்கள் மட்டும் போய்விட்டார்கள். தங்களில் ஒருவராவது அவர்களோடு செத்திருந்தால், நாங்களும் பங்கு கொடுத்தோம் என்றாவது அந்த ஆட்களுக்குத் தெரிந்திருக்கும் என்று அவர் புழுங்கினார். பிழைப்புக்காகச் சொந்த ஊரை விட்டு வந்து சாரத்தில் ஏறுகிறவர்களுக்கு, இந்த மனவேதனையின் பொருளை யாரும் விளக்க வேண்டியதில்லை.

பயணம் முடிந்ததும் மற்றவர்கள் சீமைக்குத் திரும்பினார்கள். சோமர்வெல் இந்தியாவைப் பார்க்கலாம் என்று வடக்கேயிருந்து கன்னியாகுமரி வரை வந்தார். வழியில்தான் நெய்யூர்.

நெய்யூர் லண்டன் மிஷன் ஆஸ்பத்திரி அப்போதே பழையது. 1838-ல் டாக்டர் ராம்சே காலத்தில் தொடங்கிய வைத்தியப் பணி. சோமர்வெல் போய்ச் சேர்ந்தபோது அங்கே டாக்டர் பியூ என்ற ஒரே சர்ஜன், நீண்ட வரிசையில் காத்திருந்த நோயாளிகளைச் சமாளிக்க முடியாமல் களைத்துப் போயிருந்தார். விருந்தாளியாக வந்தவர் கோட்டைக் கழற்றிவிட்டு அவருக்குத் துணையாக ஆபரேஷன் செய்ய இறங்கினார். அந்தச் சில நாட்களில் அவர் தம் வாழ்க்கையை முடிவு செய்துவிட்டார். லண்டனில் தாம் படித்த ஆஸ்பத்திரியிலேயே கிடைக்கவிருந்த பதவியை வேண்டாம் என்று சொல்லிவிட்டார். லண்டனில் அவர் இல்லாவிட்டால் இன்னொருவர் அந்த ஆபரேஷனைச் செய்வார். நெய்யூரில் அவர் இல்லாவிட்டால் யாரும் செய்யமாட்டார்கள். கணக்கு இவ்வளவுதான். இதில் தியாகம் என்ற பெரிய வார்த்தையை அவர் மேல் சுமத்துவது அவருக்கே பிடித்திருக்காது என்று தோன்றுகிறது.

மறுபடியும் மலை

1924-ல் மறுபடி எவரெஸ்ட் அழைத்தது. நெய்யூரிலிருந்து புறப்பட்டுப் போனார். இந்த முறையும் சுமையாட்கள் நாலு பேர் மேலே ஒரு முகாமில் பனியில் சிக்கிக்கொண்டார்கள். 1922-ஐ யாரும் மறக்கவில்லை. சிகரம் ஏறும் திட்டத்தைத் தள்ளிவைத்துவிட்டு மாலரியும் நார்ட்டனும் சோமர்வெல்லும் அவர்களை மீட்கப் போனார்கள். ஆபத்தான சரிவில் கயிறு கட்டிக்கொண்டு முன்னால் போனவர் சோமர்வெல். கயிறு போதவில்லை. வரும்போது இருவர் சறுக்கினார்கள். பனிக்கோடரியை ஊன்றி, அதில் கயிற்றைச் சுற்றி, எட்டிப் பிடித்து இழுத்தார். நாலு பேரும் உயிரோடு இறங்கினார்கள்.

ஜூன் 4 அன்று நார்ட்டனும் அவரும் சிகரத்துக்குப் புறப்பட்டார்கள். சோமர்வெல்லுக்கு வறண்ட குளிர்காற்றில் தொண்டை புண்ணாகி மூச்சு விடுவதே பாடாக இருந்தது. 28,000 அடியளவில் அவர் உட்கார்ந்துவிட, நார்ட்டன் தனியே 28,126 அடி வரை போய்த் திரும்பினார். இறங்கும் வழியில் சோமர்வெல்லின் தொண்டையில் ஏதோ அடைத்துக்கொண்டது. குரல் எழும்பவில்லை. முன்னால் போன நார்ட்டன், இவர் படம் வரையப் பின்தங்கிவிட்டார் என்று நினைத்துக்கொண்டார். அவர் அப்படி வரைகிறவர்தான். சோமர்வெல் பனியில் உட்கார்ந்து சாவை எதிர்பார்த்தார். கடைசியாக இரண்டு கையாலும் நெஞ்சை ஓங்கி அழுத்தினார். குளிரில் வெந்துபோன தொண்டைச் சவ்வு பெயர்ந்து இரத்தத்தோடு வெளியே வந்தது. மூச்சு திரும்பியது.

நாலு நாள் கழித்து, ஜூன் 8 அன்று, மாலரியும் இளைஞர் இர்வினும் மேலே போனார்கள், திரும்பவே இல்லை. மாலரி எடுத்துப்போனது சோமர்வெல் இரவல் கொடுத்த காமிரா. மாலரியின் உடல் 1999-ல் கிடைத்தது. இர்வினுடையது என்று கருதப்படும் பாதமும் பூட்சும் 2024-ல் கிடைத்தன. அவர்கள் உச்சியைத் தொட்டார்களா என்று சொல்லக்கூடிய காமிரா மட்டும் இன்னும் அகப்படவில்லை.

நெய்யூரில்

அந்த ஆண்டே 1922 குழுவினருக்கு ஒலிம்பிக் பதக்கம் வழங்கப்பட்டது. சோமர்வெல் நெய்யூருக்குத் திரும்பிக் கத்தியைக் கையில் எடுத்துக்கொண்டார். 1925-ல் மார்கரெட்டை மணந்தார். அதன் பிறகு இருபது ஆண்டு காலம் அவருக்கு உலகம் நெய்யூரும் திருவிதாங்கூரில் அங்கங்கே இருந்த கிளை ஆஸ்பத்திரிகளும்தான்.

வந்த நோய்களைப் பார்த்தால் அந்நாளைய நம் வாழ்க்கை தெரியும். மரச்சீனிக் கிழங்கைத் தின்று வயிறு வளர்த்த ஏழைகளிடையே குடல்புண் பெரும் தொல்லையாக இருந்தது. இரவில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு புரண்டவர்கள் எத்தனையோ பேர். அந்த ஆபரேஷனில் சோமர்வெல் தேர்ந்தவரானார். அது ஏன் இந்தப் பகுதியில் இவ்வளவு அதிகம் என்று ஆராய்ந்து சீமை வைத்தியப் பத்திரிகையிலும் எழுதினார். அடுத்தது வாய்ப்புற்று. வெற்றிலையோடு புகையிலையை அடக்கிக்கொள்ளும் பழக்கம் கொடுத்த பரிசு. இந்தப் பழக்கம் இன்றும் போய்விடவில்லை. தங்கள் பையிலிருக்கும் பொட்டலத்தை இந்த இடத்தில் ஒருமுறை நினைத்துப் பார்க்கும்படி வாசகர்களைக் கேட்டுக்கொள்கிறேன்.

அப்போது திருவிதாங்கூர் எப்படி இருந்தது? அவர் எவரெஸ்டில் மூச்சுக்குத் தவித்துக்கொண்டிருந்த அதே 1924-ல்தான், கோயிலைச் சுற்றிய தெருவில் நடக்க உரிமை கேட்டு வைக்கத்தில் சத்தியாக்கிரகம் நடந்தது. சமஸ்தானக் கோயில்களை எல்லா இந்துக்களுக்கும் திறந்துவிட்ட மகாராஜாவின் பிரகடனம் வந்தது 1936 நவம்பர் 12-ல். ஒரே தெருவில் நடக்கக் கூடாதவர்கள் என்று விலக்கப்பட்டவர்களும் விலக்கியவர்களும் நெய்யூர் ஆஸ்பத்திரியில் ஒரே டாக்டரின் கைக்குக் காத்திருந்தார்கள். வயிற்றைத் திறந்தால் உள்ளே ஜாதி தெரிவதில்லை.

ஒரு கேள்வி எழும். இது மிஷன் ஆஸ்பத்திரி, அவர் மிஷனரி, வைத்தியத்தைக் காட்டி மதத்துக்கு ஆள் பிடித்தார்களா? அவர் தம்மை மிஷனரி இல்லை என்று ஒருநாளும் சொல்லிக்கொண்டதில்லை. தம் விசுவாசத்தை மறைக்கவும் இல்லை. ஆனால் நோயைக் குணமாக்குவதை அவர் தூண்டிலில் மாட்டும் இரையாக எண்ணவில்லை. குணமாக்குவதே தமக்கு இடப்பட்ட கட்டளை. மற்றது கடவுள் பொறுப்பு என்ற நிலையில் நின்றார். மதமும் அரசும் விலகி நிற்க வேண்டும் என்று பேசும் நம் காலத்தில், இந்த நிலை ஒரு நாஸ்திகருக்கும் புரியும். ஒரு காலத்தில் தாமே நாஸ்திகராக இருந்தவர் அல்லவா?

1936-ல் எவரெஸ்டுக்குப் பிந்திய தம் வாழ்வைப் பற்றி ஒரு நூல் எழுதினார். அதில் மலையைவிட நெய்யூரைத் தேடுகிறவர்களுக்கு நிறையக் கிடைக்கும். 1938-ல் கைசர்-இ-ஹிந்த் பதக்கம் வந்தது.

நாடு சுதந்திரம் அடைந்தபின் பல வெள்ளையர் மூட்டை கட்டினார்கள். சோமர்வெல் வேலூருக்குப் போனார். ஐடா ஸ்கடர் அம்மையார் தொடங்கிய கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி, பட்டப்படிப்புக்கு உரிய தகுதியுள்ள ஆசிரியர்களைத் தேடிக்கொண்டிருந்த காலம் அது. 1949-லிருந்து 1961 வரை அங்கே அறுவை வைத்தியம் கற்பித்தார். நெய்யூரில் ஒருவராகச் செய்ததை இனிப் பல கைகள் செய்யட்டும் என்பதற்கு அதைவிடச் சரியான இடம் இல்லை. ஓய்வு பெற்ற பின் இங்கிலாந்தின் ஏரிப் பகுதிக்குத் திரும்பினார். 1962 முதல் மூன்றாண்டு ஆல்பைன் கிளப் என்ற மலையேறிகள் சங்கத்துக்குத் தலைவராக இருந்தார். இமயத்தையும் திபெத்தையும் வரைந்த நூற்றுக்கணக்கான ஓவியங்களை விட்டுவிட்டு, 1975 ஜனவரி 23 அன்று காலமானார்.

மாநில எல்லை மாறியபோது பழைய மிஷன் சபைகளும் இரண்டு திருமண்டலங்களாயின. ஒன்றுக்கு நாகர்கோவில் தலைமை, மற்றதற்குத் திருவனந்தபுரம். நெய்யூர் அந்தப் பக்கம் போயிற்று. காரக்கோணம் இந்தப் பக்கம் நின்று சோமர்வெல்லின் பெயரை வைத்துக்கொண்டது. நெய்யூர் ஆஸ்பத்திரி இன்றும் நடக்கிறது. தம்பானூரில் நாகர்கோவில் ரயிலேறி இரணியலில் இறங்கினால் அங்கிருந்து தூரமில்லை.