தனிநாயகம் என்றொரு பெயர்

எங்கட சங்கத்தின் சித்திரைப் புத்தாண்டு மலருக்குத் தமிழ்ப் பெரியார் ஒருவரைப் பற்றி எழுதித் தரும்படி செயலாளர் அண்ணை கேட்டார். நான் ஏ.எல். சோதனையோட படிப்பை விட்டவன். இப்ப சான்விச் ஃபக்டரியில் இரவு வேலை. எழுத்து வேலை எனக்குப் பழக்கமில்லை. ஆனால் யாரைப் பற்றி எழுதுவது என்று நான் யோசிக்கத் தேவைப்படவில்லை. போன ஐப்பசியில் எங்களுக்கு ஆண்பிள்ளை பிறந்தது. அவனுக்குத் தனிநாயகம் என்று பெயர் வைக்கவேணும் என்று நான் நிற்க, வீட்டில் ஒரு சின்னப் போரே நடந்தது.

மனுசிக்குப் பெயரின் நீளம் பிரச்சினை இல்லை. தனி என்ற சொல்தான் பிரச்சினை. ஊரில் எல்லாரையும் விட்டுவிட்டு வந்து ஒரு அறைக்குள் இருக்கிறம், பிள்ளையைத் தூக்க ஒரு அம்மம்மா இல்லை, அப்பப்பா இல்லை, இதுக்குள்ள பெயரிலையும் தனிமையைக் கட்டி விடவேணுமோ என்று கேட்டா. அவ கேட்டதிலும் ஞாயம் இருக்கு. தனி என்றால் ஒருத்தருமில்லாமல் நிற்பதும்தான், ஒப்பில்லாமல் நிற்பதும்தான். நாயகம் என்றால் தலைமை. மாலையின் நடுவில் கோக்கிற பெரிய மணியையும் நாயகமணி என்று சொல்லுவினம். செல்வநாயகம், சபாநாயகம் என்று எங்கட ஆக்களில் எத்தனையோ பேர் இருக்கினம். தனிநாயகம் அருமை. எனக்குத் தெரிய என்ர வகுப்பில் ஒருத்தரும் இருந்ததில்லை.

ஆனால் அப்பாவின் ஊரான நெடுந்தீவில் அது பழைய பெயர். அங்கே குடியேறிய தலைவன் தனிநாயகன் என்று யாழ்ப்பாண வைபவமாலை சொல்லுகிறது. நான் பிறந்தபோது அப்பா எனக்கு இந்தப் பெயரைத்தான் வைக்க விரும்பினவராம். சாத்திரியார் வேறு எழுத்துச் சொல்ல, வீட்டுப் பெரியவர்கள் வேறு பெயர் வைத்துவிட்டார்கள். அப்பாவுக்கு அது இன்றைக்கும் ஒரு குறைதான்.

இனி அடிகளாரிடம் வருகிறேன். தனிநாயகம் அடிகள் 1913 ஆகஸ்ட் 2ஆம் திகதி ஊர்காவற்றுறைக்குப் பக்கத்தில் கரம்பொன்னில் பிறந்தவர். தகப்பன் வழி நெடுந்தீவு. பிறந்தபோது வைத்த பெயர் தனிநாயகம் இல்லை, சேவியர் ஸ்தனிஸ்லாஸ். எங்கட பக்கத்து வாய்க்கு அது தனிசிலாஸ் என்றுதான் வரும், அதுக்குள்ளேயும் ஒரு தனி இருக்கு என்று நான் பகிடிக்குச் சொல்லுவேன். சம்பத்திரிசியார் கல்லூரியில் படித்து, கொழும்பில் குருமடத்தில் இருந்து, 1934இல் உரோமாபுரிக்குப் போய், 1938இல் அங்கே குருவானவர் ஆனார். ஐரோப்பிய மொழிகள் பல அவருக்கு வரும். தமிழ்தான் ஆழமாக வராது.

இந்த இடத்தைத்தான் நான் மனுசிக்குத் திரும்பத் திரும்பச் சொன்னேன். 1940இல் திருநெல்வேலி வடக்கன்குளத்துப் பள்ளிக்கூடத்தில் படிப்பிக்கப் போனபிறகுதான், ஒரு பண்டிதரிடம் மாணவனாக இருந்து தமிழை ஒழுங்காகப் படிக்கத் தொடங்கினார். 1945இல், 32 வயதில், அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் இளைஞரோடு இளைஞராகச் சேர்ந்தார். இப்ப எனக்கும் அந்த வயதுதான், அதனாலேயோ என்னவோ எனக்கு அது பெரிதாகத் தெரியுது. சங்கப் பாட்டுகளில் இயற்கை வரும் விதத்தை ஆராய்ந்து பட்டம் பெற்றார். தமிழ்நாட்டில் இருந்த அந்தக் காலத்தில்தான் தகப்பன் வழி முன்னோரின் பெயரைத் தன் பெயராக்கினார். ஒருத்தர் வைத்த பெயர் இல்லை, தானே தேடி எடுத்த பெயர்.

அதுக்குப் பிறகு அந்த மனிதர் தனிய இருந்த நாள் குறைவு. 1952இல் தமிழ்க் கல்ச்சர் என்ற ஆங்கிலச் சஞ்சிகையைத் தொடங்கினார். தமிழ் தெரியாத வெளிநாட்டு அறிஞர்களும் தமிழைப் பற்றி வாசிக்க வேண்டும் என்பது நோக்கம். லிஸ்பனில் 1554இல் உரோமன் எழுத்தில் அச்சான தமிழ்ப் புத்தகத்தைக் கண்டு உலகத்துக்குச் சொன்னார். 1679இல் அச்சான தமிழ் போர்த்துக்கேய அகராதியை வத்திக்கானில் கண்டு, 1966இல் மறுபடி அச்சேற்றினார். நடுவில் 1955 தொடக்கம் 1957 வரை இந்த லண்டனிலேயே இருந்து, பழந்தமிழ் இலக்கியத்தில் கல்வி என்பதை ஆராய்ந்து கலாநிதிப் பட்டம் எடுத்தார். வேலை முடிந்து விடியப்புறம் பஸ்ஸில் ரஸல் சதுக்கத்தால் வரேக்க அந்தப் பல்கலைக்கழகத்தின் வெள்ளைக் கோபுரம் தெரியும். இந்தக் குளிருக்குள்ள அவரும் நடந்திருப்பார் என்று நினைப்பேன்.

1961இல் மலாயாப் பல்கலைக்கழகத்துக்குப் போனார். 1964 ஜனவரியில் டில்லியில் கீழைத்தேய ஆய்வாளர் மாநாடு நடந்தபோது, உலகத் தமிழாராய்ச்சி மன்றம் அமைக்க முன்னின்றார். தலைவர் பிரெஞ்சுக்காரரான பிலியோசா. செயலாளர்களாக அடிகளாரும் செக் நாட்டுக் கமில் சுவலபிலும். முதல் மாநாடு 1966இல் கோலாலம்பூரில், பிறகு 1968 சென்னை, 1970 பாரிஸ்.

நாலாவது 1974 ஜனவரியில் யாழ்ப்பாணத்தில். அப்பா அப்ப பள்ளிக்கூடப் பெடியன். பெட்டிகட்டிக்கொண்டு வள்ளத்தில் வந்து, சொந்தக்காரர் வீட்டில் தங்கி, ஊர்வலம் முழுக்கப் பார்த்தவர். 10ஆம் திகதி இரவு வீரசிங்கம் மண்டபத்துக்கு வெளியே திரண்டிருந்த சனத்துக்குள் பொலிஸ் புகுந்தது. வெடி வைக்க மின்கம்பி அறுந்து விழுந்தது. ஒன்பது உயிர் போனது. அப்பா செருப்பையும் விட்டுவிட்டு ஓடினவர். அதைப் பற்றி எங்களுக்குக் கதைக்கேக்க செருப்போடு நிற்பாட்டி விடுவார், அங்கால சொல்ல மாட்டார். மாநாட்டைச் சொல்லச் சொன்னால் மட்டும் விடியும்வரை சொல்லுவார்.

அடிகளார் 1980 செப்டம்பர் 1ஆம் திகதி, 67 வயதில் காலமானார். எங்களுக்கு வந்த பெரிய அழிவுகளை அவர் பார்க்கவில்லை. நாங்கள் இப்படி நாடு நாடாகச் சிதறினதையும் பார்க்கவில்லை.

இந்த நாட்டுச் சட்டப்படி 42 நாளுக்குள் பிறப்பைப் பதிய வேண்டும். 39ஆவது நாள் வரைக்கும் எங்கட வீட்டில் முடிவில்லை. அன்றைக்கு மனுசி தானே நெடுந்தீவுக்குப் போன் எடுத்து அப்பாவோட கதைச்சா. என்ன கதைச்சினம் என்று இரண்டு பேரும் எனக்குச் சொல்லவில்லை. அடுத்த நாள் பதிவு அலுவலகத்துக்குப் போனோம். பதிகிற பெண்பிள்ளை எழுத்துக் கூட்டிச் சொல்லச் சொன்னா. அடிகளார் தன்ர ஆங்கிலப் புத்தகங்களில் தனி, நாயகம் என்று இரண்டாகப் பிரித்துத்தான் போட்டவர். நானும் அப்படியே சொல்லத் தொடங்க, மனுசி என்ர கையைப் பிடிச்சு நிற்பாட்டினா. பிரிக்க வேண்டாம், இரண்டையும் ஒட்டி எழுதச் சொல்லுங்கோ என்றா.