கொசுவுக்குக் கணக்கு போட்ட டாக்டர்

ரொனால்டு ராஸ் என்றதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வரும்? கொசு, மலேரியா, 1902-இல் நோபல் பரிசு. அவ்வளவுதானே? ஆனால் அந்த மனுஷன் தன்னுடைய முக்கியமான வேலையாக நினைத்தது வேறு: தொற்றுநோய் பரவுவதற்குப் பின்னாடி இருக்கிற கணக்கை.

1857-இல் அல்மோராவில் பிறந்தவர். அப்பா ராணுவ அதிகாரி. பையனுக்கு ஓவியம், எழுத்து மேல் ஆசை. அப்பா பிடிவாதமாக மருத்துவம் படிக்க வைத்தார். (நம்மில் பாதிப் பேர் கதையும் இதுதான், கோர்ஸ் மட்டும் வேற.) 1881-இல் டாக்டராக மெட்ராஸ் வந்தார். வேலை குறைவு, நேரம் அதிகம். அந்த நேரத்தில்தான் யாரும் சொல்லித் தராமல் கணிதம் படித்தார்.

1897 கோடையில் ஊட்டியில் இருந்தார். நம்ம மொரப்பூரை ராத்திரியில் கடந்து போகிற நீலகிரி எக்ஸ்பிரஸில் ஏறி நீங்க டூர் போற அதே ஊட்டிதான். மலேரியாவை ஆராய சீகூர் மலைப்பாதைக்குப் போனவருக்கே மலேரியா வந்தது. அதே வருடம் ஆகஸ்ட் 20, செகந்திராபாத்தில் கொசுவின் வயிற்றில் அந்தக் கிருமியைப் பார்த்துவிட்டார். அந்தக் கொசுக்களுக்கு ரத்தம் கொடுத்த நோயாளி உசேன் கான். கடிக்கு ஒரு அணா கூலி. அவர் பேரையும் நாம படிச்சிருக்கணும்.

சரி, கொசுவைக் குறைத்தால் மலேரியா போகும் என்று ராஸ் சொன்னார். சண்டையே அதற்கப்புறம்தான். எல்லாக் கொசுவையும் ஒழிக்க முடியாதே, அப்புறம் எதுக்கு வீண் செலவு என்று எதிர்த்தார்கள். லாகூர் பக்கம் மியான் மீர் ராணுவ முகாமில் நடந்த முயற்சியும் தோல்வி என்று அறிக்கை வந்தது.

மலேரியா வாட்டிய மொரீஷியஸுக்கு 1907-இல் போனார். மறுவருட அறிக்கையில் கணக்கால் பதில் சொன்னார். நீங்களே போட்டுப் பாருங்க. நாலு கொசுவில் ஒன்றுதான் மனுஷனைக் கடிக்கும் என்று வைத்துக்கொண்டார். அது நோயாளியைக் கடிக்கணும். கிருமி உள்ளே வளர்கிற வரைக்கும், பத்து நாள் போல, மூணில் ஒன்றுதான் உயிரோட இருக்கும். பிறகு அது இன்னொருத்தரைக் கடிக்கணும். எல்லாத்தையும் பெருக்கினால் வருவது ரொம்பச் சின்ன எண். ஒரு நோயாளி குணமாவதற்குள் இன்னொருத்தருக்காவது தொற்றவில்லை என்றால் நோய் ஊரில் நிற்காது. ஆக, கொசு ஒரு அளவுக்குக் கீழே இறங்கினாலே மலேரியா தானாக அணைந்துவிடும். கடைசிக் கொசுவைத் துரத்தத் தேவையே இல்லை!

1911-இல் இதையே வகைக்கெழுச் சமன்பாடுகளாக எழுதினார். ஆமாம், எம்-டூவில் நம்மை அரியர் வைக்க வைக்கிற அதே சமன்பாடுகள்தான்.

1901-இல் அவரோடு சியரா லியோன் போன இளம் டாக்டர் மெக்கென்ட்ரிக்குக்கும் இந்தப் பைத்தியம் தொற்றியது. அவரும் கெர்மாக்கும் 1927-இல் எழுதிய சமன்பாடுகளைப் பொருத்திப் பார்த்தது 1905-06 பம்பாய் பிளேக் சாவுக் கணக்கோடு. 2020-இல் கொரோனா செய்திகளில் நீங்க பார்த்த வளைகோடுகளுக்கு மூலம் அதுதான்.

ராஸ் 1932-இல் லண்டனில் இறந்தார். அவருடைய மலேரியாக் கணக்கை ஜார்ஜ் மெக்டொனால்டு தூசி தட்டி எடுத்து வளர்த்தது 1950-களில்.