எஸ். எஸ். இராமசாமி படையாட்சி

எஸ். எஸ். இராமசாமி படையாட்சி (செப்டம்பர் 16, 1918 - ஏப்ரல் 3, 1992) தமிழக அரசியல்வாதியும் தமிழ்நாடு உழைப்பாளர் கட்சியின் நிறுவனரும் ஆவார். கடலூர், சிதம்பரம் ஆகிய ஊர்களை உள்ளடக்கிய அன்றைய தென்னாற்காடு மாவட்டத்தில் வன்னியர்களின் முதன்மைத் தலைவராக விளங்கினார்.

உழைப்பாளர் கட்சி

எண்ணிக்கையில் மிகுந்திருந்தும் ஆட்சியதிகாரத்தில் வன்னியர்களுக்கு உரிய பங்கு இல்லை என்ற குறையே 1951இல் இக்கட்சி தோன்றக் காரணமாகும். தமிழ், தெலுங்கு, மலையாள, கன்னடப் பகுதிகள் இணைந்திருந்த சென்னை மாநிலத்தில் 1952இல் தேர்தல் நடைபெற்றது. மொத்தம் 375 சட்டமன்ற இடங்களில் காங்கிரசு 152 இடங்களையே பெற்றுப் பெரும்பான்மையை இழந்தது. உழைப்பாளர் கட்சி 19 இடங்களை வென்றது. திராவிட நாடு கோரிக்கையை ஆதரிக்க உடன்பட்டதால் தி.மு.க. இக்கட்சிக்கு ஆதரவளித்திருந்தது.

அமைச்சர் பதவி

1953இல் ஆந்திரம் தனி மாநிலமாகப் பிரிந்தது. 1954இல் முதலமைச்சரான காமராசர், இவரை உள்ளாட்சித் துறை அமைச்சராக்கினார். உழைப்பாளர் கட்சி காங்கிரசுடன் இணைந்தது. இவ்வாறு, தனிநாடு கோரிக்கைக்கு உடன்பட்டிருந்த கட்சி மாநில ஆட்சியில் பங்கு பெற்றதும் தேசியக் கட்சிக்குள் அடங்கியது.

பிற்காலம்

1980, 1984 மக்களவைத் தேர்தல்களில் காங்கிரசு வேட்பாளராகத் திண்டிவனம் தொகுதியில் வெற்றி பெற்றார். இவரது நினைவாக 2019இல் கடலூரில் மணிமண்டபம் திறக்கப்பட்டது.