பொத்தானை அழுத்த மறுத்தவர்

நிசே ட சில்வெய்ரா, பிரேசில் நாட்டு மனநல மருத்துவர். 1905-இல் பிறந்தவர். மருத்துவக் கல்லூரியில் அவர் வகுப்பில் அவர் ஒருவர்தான் பெண். மார்க்சியப் புத்தகம் வைத்திருந்தார்னு 1936-இல் பிடித்து, ஒரு வருஷத்துக்கு மேல் சிறையில் போட்டார்கள். பூட்டிய கதவுக்குள் இருப்பது எப்படி என்று அவருக்கே தெரியும்.

1944-இல் ரியோ டி ஜெனிரோ மனநல மருத்துவமனையில் வேலை. நோயாளிக்கு மின்சார அதிர்ச்சி கொடுக்கப் பொத்தானை அழுத்தச் சொன்னார்கள். முடியாதுன்னு சொல்லிட்டார்! அதனால் யாரும் மதிக்காத கைத்தொழில் பிரிவு அவர் தலையில் விழுந்தது. நோயாளிகளைக் கூட்டித் துடைக்க வைத்த இடம் அது. அங்கே 1946-இல் ஓவியக்கூடம் திறந்தார். தூரிகை, வண்ணம், களிமண் கொடுத்தார்; இதை வரை, அதை வரை என்று யாரையும் சொல்லவில்லை. நாய், பூனைகளையும் உள்ளே விட்டார்.

சிதறிப்போன மனம் என்று டாக்டர்கள் கைவிட்டவர்கள் திரும்பத் திரும்ப வட்டமாக வரைந்தார்கள். ஏன்? 1954-இல் அந்தப் படங்களை சுவிட்சர்லாந்திலிருந்த கார்ல் யுங்குக்கு அனுப்பிக் கேட்டார். யுங் சொன்ன பெயர், மண்டலம். ஆமாம், நம்ம யந்திரங்களிலும் பூஜைகளிலும் வருகிற அதே மண்டலம்தான். சிதறிய மனம் தன்னைத்தானே ஒன்றுசேர்க்கப் பார்க்கிறது என்பது யுங்கின் விளக்கம். 1957-இல் சூரிச்சில் அந்த ஓவியங்களின் கண்காட்சியை அவரே திறந்து வைத்தார்.

நிசே 1999-இல் காலமானார். 1952-இல் அவர் தொடங்கிய அருங்காட்சியகம் அதே மருத்துவமனை வளாகத்தில்தான் இருக்கிறது. ஓவியங்களும் அங்கேயே இருக்கின்றன, விற்பனைக்கு அல்ல.