எண்ணுலகம் கண்டவர்

வெள்ளகோவிலிலிருந்து முத்தூர் வழியாகச் செல்லும் சாலை கொடுமுடியில் காவிரியைச் சென்றடைகின்றது. 1919ஆம் ஆண்டின் இடைப்பகுதியில் அவ்வூரில் நோயாளர் ஒருவர் வந்து தங்கியிருந்தார். வயது முப்பத்தொன்று, உடலோ என்பும் தோலுமாய் மெலிந்திருந்தது. இங்கிலாந்து சென்று பெரும்புகழ் பெற்று, நோயுடன் தாயகம் திரும்பியவர் அவர். படுக்கையிற் கிடந்த அவ்வாண்டிலும் எண்களையும் குறிகளையும் தாள் தாளாக எழுதுவதை அவர் விட்டாரல்லர். அவரே கணித மேதை இராமானுஜம்.

கொங்கு நாடு அவருக்குப் புதியதன்று. 1887ஆம் ஆண்டு திசம்பர்த் திங்கள் 22ஆம் நாள், ஈரோட்டில், தாய்வழிப் பாட்டனார் இல்லத்தில் அவர் பிறந்தார். பாட்டனார் அவ்வூர் முன்சீபு நீதிமன்றத்தில் அமீனாவாகப் பணிபுரிந்தவர். தந்தையார் சீனிவாச ஐயங்கார் கும்பகோணத்தில் துணிக்கடையொன்றிற் கணக்கெழுதியவர். ஆதலின் பிள்ளை வளர்ந்ததும் பயின்றதும் அந்நகரிலேயாம்.

கணிப்பொறிக்குள்ளே ஓர் உலகம் உண்டென்றும், அங்கே எண்களே உயிர்பெற்று உலவுகின்றன என்றும் கூறும் கதைகளை இக்காலத்துச் சிறுவர் விரும்பிப் படிக்கின்றனர். கணிப்பொறி தோன்றுதற்கு முன்னரே அத்தகைய உலகொன்றில் வாழ்ந்தவர் இராமானுஜம். அவருக்கு அது கதையன்று. சுழியம் என்பது குணங்கடந்த பரம்பொருளின் குறி என்றும், முடிவிலி என்பது தோன்றத்தக்கன அனைத்தின் தொகுதி என்றும், அவ்விரண்டும் பெருகுங்கால் ஒவ்வோர் எண்ணும் ஒவ்வோர் உயிரெனப் பிறக்கின்றது என்றும் அவர் கருதினார். பள்ளிக் கணக்கில் இப்பெருக்கல் செல்லாது. இஃது அவர்தம் மெய்ப்பொருட் சிந்தனை. இதனைக் கேம்பிரிட்சில் அவரிடம் நேரிற் கேட்டுப் பிற்காலத்தார்க்கு உரைத்தவர் நண்பர் மகாலனோபிசு. அந்நண்பரே 1931இல் கல்கத்தாவில் இந்தியப் புள்ளியியல் நிறுவனத்தைத் தோற்றுவித்தார். இந்தியாவிற்கு வந்த முதல் மின்னணுக் கணிப்பொறி 1950களின் நடுவில் அங்குத்தான் நிறுவப்பெற்றது. இவ்வியைபு வியத்தற்குரியது.

அவ்வுலகின் வாயில் கனவிலும் திறந்ததுண்டு. குருதி ஓடிப் படர்ந்து செந்நிறத் திரையொன்று விரிய, அதன்மேல் ஒரு கை தோன்றிக் கணிதக் கோவைகளை எழுதக் கண்டதாகவும், விழித்தவுடன் அவற்றைக் குறித்துக்கொண்டதாகவும் அவர் நண்பர்களிடம் கூறியிருக்கின்றார். நாமக்கல் நாமகிரித் தாயாரின் அருள் அஃது என்பது அவர் நம்பிக்கை.

ஆனால் அவ்வுலகிற் குடிபுகுந்தவர்க்கு இவ்வுலகம் எளிதில் இடங்கொடுக்கவில்லை. ஆயிரக்கணக்கான தேற்றங்களைத் தொகுத்துரைத்த ஆங்கில நூலொன்று பதினைந்தாம் வயதில் அவர் கைக்குக் கிட்டியது. அதன்பின் பிற பாடங்கள் அவர் கண்ணுக்குப் புலப்படவில்லை. 1904இல் உதவித்தொகையுடன் கும்பகோணம் அரசினர் கல்லூரியிற் சேர்ந்தவர், ஆங்கிலத்தில் தோற்று அத்தொகையை இழந்தார். சென்னைப் பச்சையப்பன் கல்லூரியிலும் 1907இல் தேர்வு கைகூடவில்லை. பட்டமில்லை, வருவாயில்லை. தாள் வாங்கப் பொருளில்லாமையால் கற்பலகையில் எழுதுவார், முழங்கையால் அழிப்பார், முடிவை மட்டும் குறிப்பேட்டிற் பொறிப்பார். முடிவுகள் நிலைத்தன, அவற்றிற்குச் சென்ற வழிகள் முழங்கையோடு மறைந்தன. 1912இல் சென்னைத் துறைமுகப் பொறுப்புக் கழகத்தில் திங்கள் முப்பது உரூபாய்ச் சம்பளத்தில் எழுத்தரானார்.

1913 சனவரியில் கேம்பிரிட்சுக் கணித அறிஞர் ஹார்டிக்கு அவர் எழுதிய மடலும், 1914 மார்ச்சில் கடல் கடந்ததும் பலரும் அறிந்தவை. அங்கே நிகழ்ந்ததுதான் கருதற்பாலது. பகா எண்கள் இத்துணை என்று கணக்கிடும் வாய்பாட்டைக் கண்டுவிட்டதாக அவர் நம்பியிருந்தார். அது பிழையென்று ஹார்டி காட்டினார். உயிருள்ள எண்களும் தம் தோழரை ஏமாற்றக்கூடும் என்பதை இராமானுஜம் அன்று அறிந்தார். நிறுவுதல் இன்றிக் கணிதத்தில் எதுவும் நில்லாது என்பது ஹார்டியின் கொள்கை. கண்டதைக் கண்டவாறே மொழிவது இவர் இயல்பு. ஒருவர் மற்றொருவரைக் கெடுக்காமல் ஐந்தாண்டு உடனுழைத்தது இருவர்க்கும் பெருமை. 1918இல் அரச கழகம் இவரை உறுப்பினராக்கிற்று.

எனினும், கண்டதெல்லாம் பிழையன்று. வட்டத்தின் சுற்றளவுக்கும் விட்டத்திற்கும் உள்ள விகிதத்தைக் கணிக்க அவர் 1914இல் சில தொடர்களை வெளியிட்டார். அவற்றுள் ஒன்று, ஓர் உறுப்பைக் கூட்டுந்தோறும் எட்டு இலக்கங்களைத் திருத்தமாகத் தரவல்லது. 1985இல் கோசுப்பர் என்னும் அமெரிக்கர் அதனைக் கணிப்பொறியில் இட்டு ஒரு கோடியே எழுபது இலட்சத்திற்கும் மேற்பட்ட இலக்கங்களைப் பெற்றார். அத்தொடர் மெய்யென்று அன்றுவரை ஒருவரும் முழுமையாக நிறுவியதில்லை! போர்வீன் உடன்பிறந்தார் இருவர் 1987இல் அதனை நிறுவினர். மனிதர் ஐயுற்றிருக்க, பொறி முந்திக்கொண்டது.

குளிரும், போர்க்காலத்து உணவுத் தட்டும் அவர் உடலை வாட்டின. கொடுமுடியிலிருந்து கும்பகோணத்திற்கும், பின்னர்ச் சென்னைக்கும் அவரைக் கொண்டுசென்றனர். 1920 சனவரியில் ஹார்டிக்கு எழுதிய இறுதி மடலில், போலித் தீட்டாச் சார்புகள் எனப்படும் புதியனவற்றைக் கண்டதாகத் தெரிவித்தார். அவை யாவை என்பதற்கு எடுத்துக்காட்டுகள் தந்தாரேயன்றி முழு விளக்கம் தந்தாரல்லர். அவ்வாண்டு ஏப்பிரல் 26ஆம் நாள், முப்பத்திரண்டாம் வயதில், சேத்துப்பட்டில் மறைந்தார்.

அவ்விறுதி ஆண்டின் தாள்கள் இங்கிலாந்து சேர்ந்து, கேம்பிரிட்சு நூலகமொன்றில் கவனிப்பாரின்றிக் கிடந்தன. 1976இல் ஆண்ட்ரூசு என்னும் அறிஞர் அவற்றைக் கண்டெடுத்தார். நோயிற் கிடந்த கணவர்க்கு அருகிருந்து பணிவிடை செய்த ஜானகி அம்மையார் அப்போது சென்னையில் வாழ்ந்திருந்தார். போலித் தீட்டாச் சார்புகள் எவ்வினத்தைச் சார்ந்தவை என்பதைச் சுவெகர்சு என்னும் ஆய்வாளர் 2002இல் தெளிவாக்கினார். அதனை அறிய அம்மையார் இலர். அவர் 1994இல் காலமாகியிருந்தார்.