மழையை அழைத்தவர்

கிளென்மார்கனிலிருந்து உதகைக்கு வரும் மாணவர் பலரும் கூடலூர்ச் சாலையில் படப்பிடிப்பைக் கண்டிருப்பர். அச்சாலையில் ‘ஷூட்டிங் மேடு’ என்றே ஓர் இடத்துக்குப் பெயர். ஐந்து நிமிட நடிப்புக்கு அரை நாள் காத்திருப்பு. சலித்துத் திரும்புவோரே மிகுதி. அப்படி வேடிக்கை பார்க்கப் போய், அதையே வாழ்க்கையாக்கிக் கொண்டவர் பாலு மகேந்திரா. அவர் மறைந்து பத்தாண்டுகளுக்கு மேலாகிறது.

1939-இல் இலங்கையில் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்தார். பள்ளிச் சுற்றுலா சென்றபோது, கித்துல்கலையில் ஆங்கில டைரக்டர் டேவிட் லீன் ‘க்வாய் நதிப் பாலம்’ படத்தை எடுத்துக் கொண்டிருந்தார். மழை வேண்டுமென்று லீன் குரல் கொடுத்தார், மழை கொட்டியது! செயற்கை மழைதான். வேறு பிள்ளைகள் சிரித்துவிட்டு மறந்திருப்பார்கள். இந்தச் சிறுவனோ, தானும் ஒருநாள் இப்படி மழையை அழைப்பதென்று முடிவு செய்துவிட்டான்.

பூனா திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்றார். 1974-இல் ‘நெல்லு’ என்ற மலையாளப் படத்தின் ஒளிப்பதிவாளரானார். 1977-இல் கன்னடத்தில் ‘கோகிலா’வை இயக்கினார். விளக்குகளைக் குவிப்பதைவிட, ஜன்னல் வழியே விழும் வெளிச்சத்தையும் நம் மலைப் பனியையும் நம்பியவர் அவர்.

1980-இல் அவர் வாழ்வில் இணைந்திருந்த நடிகை ஷோபா இளம் வயதிலேயே மறைந்தார். அந்த இழப்பிலிருந்து பிறந்ததே ‘மூன்றாம் பிறை’ என்று அவரே பின்னாளில் சொன்னார். 1982-இல் வெளிவந்த அப்படத்தின் இறுதிக் காட்சியை நம் கேத்தி ரயில் நிலையத்தில் எடுத்தார்கள். தன்னை அடையாளம் தெரியாமல் போகும் பெண்ணுக்காகக் கமல்ஹாசன் தலையில் பானையோடு குரங்காட்டம் ஆடுகிறார், மழை கொட்டுகிறது. அந்த மழை திட்டமிட்டதன்று, தானாகவே வந்ததென்பர். நின்று போகட்டும் என்று காத்திராமல் காமிராவை ஓடவிட்டாரே, அங்கேதான் கித்துல்கலைச் சிறுவன் தன் குருவையும் மிஞ்சினான் என்பேன். கமலுக்குச் சிறந்த நடிகர், பாலுவுக்குச் சிறந்த ஒளிப்பதிவாளர் என இரு தேசிய விருதுகள் கிடைத்தன.

பின்னர் ‘வீடு’ படத்துக்காக, மெய்யாகவே ஒரு வீட்டைக் கட்டிக்கொண்டே படமெடுத்தார். வீடு கட்டப்போய்த் தம் தாய் பட்ட பாடே அதன் கரு. அட்டையில் சுவர் எழுப்ப அவருக்கு மனம் வருமா?

2013 டிசம்பரில் வெளிவந்த ‘தலைமுறைகள்’ படத்தில், எந்நேரமும் அணியும் தொப்பியைக் கழற்றிவிட்டுத் தாமே தாத்தாவாக நடித்தார். இரண்டு மாதத்துக்குள், 2014 பிப்ரவரி 13 அன்று சென்னையில் காலமானார்.